முப்பது பேருக்கு வெளியே ஒரு டிரைவர்

நோயாளிப் பராமரிப்புப் பயிற்சியில் எங்கள் வகுப்புக்கு முப்பது இடம். வெளியே எத்தனை வேலை காலியாகும் என்று பார்த்துத் தலைமை அலுவலகம் ஒதுக்கிய எண்ணிக்கை அது. ஒன்று கூடினாலும் பெயர்ப் பட்டியலைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். அந்த முப்பதும் நிரம்பி மூன்று நாள் கழித்து வந்து நின்றவர் ஓய்வுபெற்ற பஸ் டிரைவர்.

அறுபத்தொரு வயது. உடம்பு கனம், ஆனால் தொய்வு கிடையாது. முப்பத்து நான்கு வருடம் வண்டி ஓட்டியவர் என்பது உட்காரும் விதத்திலேயே தெரியும். முதுகு நாற்காலியில் சாயாது. பின்னாலிருந்து யாராவது பேசினால் தலையைத் திருப்ப மாட்டார். அங்கே ஒரு கண்ணாடி மாட்டியிருப்பது போலக் கண்ணை மட்டும் மேலே தூக்குவார்.

அவர் மனைவி அதே டிப்போவில் டிக்கெட் முன்பதிவு ஜன்னலில் இருபத்தெட்டு வருடம் உட்கார்ந்தவர். பக்கவாதம் வந்து வலது பக்கம் விழுந்துவிட்டது. பேச்சு மெதுவாக வந்தது, ஆனால் வந்ததெல்லாம் கூராக வந்தது. உயிருக்கு ஆபத்து நீங்கியதும் ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள்: வீட்டில் பயிற்சி பெற்ற ஆள் ஒருவர் இருந்தால் வீட்டுக்கு அனுப்புவோம். இல்லையென்றால் பஸ்ஸில் மூன்று மணி நேரத் தொலைவில் இருக்கும் நீண்டகாலக் காப்பகத்துக்கு. கெடு நான்கு மாதம். பிள்ளைகள் கிடையாது. இருப்பது அவர் ஒருத்தர்தான்.

எங்கள் கண்காணிப்பாளர் பொல்லாதவர் அல்ல. பயந்தவர். தலைமை அலுவலகத்திலிருந்து ஒரு கடிதம் வந்தால் அன்று மத்தியானம் அவருக்குச் சாப்பாடு இறங்காது. அவர் மேஜை முன்னால் டிரைவர் நின்றுகொண்டிருந்தபோது வகுப்பு நடத்தும் நான் சாக்பீஸ் வாங்க அங்கே போயிருந்தேன்.

"சீட் காலி இல்லைங்க. முப்பதும் முடிஞ்சு போச்சு."

"உக்கார இடம் இல்லேன்னா பரவாயில்ல சார். நின்னுக்கிட்டே வரேன்."

"இது பஸ் இல்லைங்க!"

"தெரியுது சார். பஸ்ஸா இருந்தா நான் கேட்டிருக்கவே மாட்டேன், ஏறியிருப்பேன்."

எனக்குச் சிரிப்பு வந்தது. விதிமுறைப் புத்தகத்தில் 'எண்ணிக்கை விலக்கு' என்று ஒரு பிரிவு இருப்பதைக் கண்காணிப்பாளருக்கு நினைவுபடுத்தினேன். வேலைக்குப் போகாமல், சொந்த வீட்டில் ஒருவரைப் பார்த்துக்கொள்வதற்காக மட்டும் படிக்க வருபவரை முப்பதில் சேர்த்து எண்ண வேண்டாம் என்பது அதன் பொருள். அவரால் யாருடைய வேலையும் பறிபோகப் போவதில்லை, பிறகு எதற்கு எண்ணுவது? ஏழெட்டு வருடத்தில் இரண்டு மூன்று பேர்தான் அதில் வந்திருந்தார்கள்.

டிரைவருக்குச் சந்தேகம். "விலக்குன்னா என்ன டீச்சரம்மா? எனக்குப் பரீட்சை கிடையாதா?"

"ஆசையப் பாரு! உங்க பஸ்ல எத்தனை பேருக்கு அனுமதின்னு எழுதியிருக்கும்?"

"அம்பத்திரண்டு."

"அதுல டிரைவர் சேர்த்தியா?"

"சேத்தி இல்ல. டிரைவர் தனி."

"டிரைவர் இல்லாம வண்டி போயிடுமா?"

"அது எப்படிங்க போகும்!"

"அவ்வளவுதான். எண்ணிக்கையில நீங்க இல்ல, வண்டியில இருக்கீங்க. நாளைக்கு ஒன்பது மணிக்கு வந்துடுங்க."

மறுநாள் எட்டு நாற்பதுக்கே வந்து வாசலில் நின்றார். அதற்குப் பிறகும் பெரும்பாலும் அப்படித்தான்.

வகுப்பில் இருபத்தேழு பேர் பெண்கள். பாதிப் பேருக்கு அவர் மகள் வயது. முதல் வாரம் மரியாதையாக இருந்தார்கள். இரண்டாவது வாரம் பெரியப்பா ஆக்கிவிட்டார்கள். மூன்றாவது வாரத்திலிருந்து கிண்டல்தான்.

ஒருவரைப் படுக்கையிலிருந்து சக்கர நாற்காலிக்கு மாற்றுவதில் அவரை மிஞ்ச ஆளில்லை. எடையை எங்கே தாங்குவது, எந்தக் காலை முன்னால் வைப்பது என்பதை ஒரே தடவையில் பிடித்துக்கொண்டார். நாற்காலியைத் தள்ளினால் குலுக்கல் இருக்காது. கதவு நிலையைத் தாண்டும்போது முன்சக்கரத்தை மெல்லத் தூக்கி இறக்குவதை நான் சொல்லிக்கொடுக்கவே இல்லை. எதைச் செய்வதற்கு முன்னும் படுத்திருப்பவரிடம் சொல்லிவிட்டுச் செய்ய வேண்டும் என்பது எங்கள் முதல் பாடம். அவர் பொம்மையிடம்கூடக் குனிந்து "போலாமா?" என்று கேட்பார். பதிலுக்குக் காத்தும் நிற்பார்.

"பெரியப்பா, அது பொம்மை. நாளைக்கு வரைக்கும் நின்னாலும் சரின்னு சொல்லாது" என்றாள் வகுப்பிலேயே வாய் நீண்ட பெண் ஒருத்தி.

"உனக்கு அவசரம்னா இறங்கி நடந்து போம்மா" என்றார் அவர்.

சோறு ஊட்டுவதில்தான் மாட்டிக்கொண்டார். ஒரு வாய் விழுங்குவதற்குள் அடுத்த கரண்டி உதட்டில் நிற்கும். பக்கவாதக்காரர்களுக்கு இது விளையாட்டு இல்லை, புரையேறினால் நுரையீரலுக்குப் போய்விடும். நான்கு தடவை சொல்லிப் பார்த்தேன். ஐந்தாவது தடவை பாடப்புத்தகத்தை மூடி வைத்தேன்.

"ஏன் டிரைவர் சார், ஸ்டாப்புல நிக்காம போறீங்க?"

"என்னது?"

"ஒவ்வொரு வாயும் ஒரு ஸ்டாப். ஏறினவங்க உள்ள போயிட்டாங்களான்னு பாக்காம வண்டிய எடுப்பீங்களா?"

முகம் தொங்கிப்போயிற்று. அன்று மத்தியானம் முழுக்கத் தொண்டைக்குழியைப் பார்த்துப் பார்த்து ஊட்டினார். அரைக் கிண்ணம் கஞ்சிக்கு ஐம்பது நிமிஷம். நோயாளியாக உட்கார்ந்த பையன் தூங்கியே போனான். பரவாயில்லை, வேகம் பிறகு கூட்டிக்கொள்ளலாம்.

மலம் துடைத்து உடை மாற்றும் பாடத்தன்று வெளியே போய் முகம் கழுவிக்கொண்டு வந்தார். வந்ததும் கையுறையை மாட்டினார். இந்த வேலையில் அது போதும்.

சாயந்தரம் நேராக ஆஸ்பத்திரி. அன்றைக்குப் படித்ததை வார்டு சிஸ்டர் மேற்பார்வையில் மனைவியிடம் செய்து பார்ப்பார். மனைவி மதிப்பெண் போடுவார். ஒருநாள் நானும் போயிருந்தேன். தலையணையை முதுகுக்கு அணைகொடுத்து ஒருக்களித்துப் படுக்க வைத்துவிட்டு, "எப்படிம்மா இருக்கு?" என்றார்.

அந்த அம்மா யோசித்தார். இடது கையைத் தூக்கி மூன்று விரலைக் காட்டினார்.

"பத்துக்கு மூணா? டீச்சரம்மா எட்டு போட்டாங்க!"

"அவங்களயா... படுக்க... வச்சீங்க?"

சிஸ்டர் சிரித்துக்கொண்டே வெளியே போய்விட்டார். நான் அந்த அம்மாவின் குதிகாலைத் தூக்கிப் பார்த்தேன். படுக்கைப் புண் வருவதற்கான சிவப்பு இல்லை. "அஞ்சு குடுக்கலாம்" என்றேன்.

"நாலு" என்றார் அந்த அம்மா.

பதினாறாவது வாரம் திங்கட்கிழமை தேர்வு எழுதுகிறவர்களின் பட்டியலைச் சுவரில் ஒட்டினார்கள். வியாழக்கிழமை செய்முறைத் தேர்வு. மறுவாரம் செவ்வாய்க்கிழமை அந்த அம்மாவைக் காப்பகத்துக்கு ஏற்றிப்போக வண்டி சொல்லியாகிவிட்டது. பட்டியலில் முப்பது பெயர் இருந்தது. டிரைவர் பெயர் இல்லை.

நேராகக் கண்காணிப்பாளர் அறைக்குப் போனேன். டிரைவரும் பின்னாலேயே வந்தார்.

"அவருக்கு வருகைப்பதிவே இல்லையேம்மா. தொண்ணூறு நாள்ல எண்பது நாள் பதிவாகி இருக்கணும். ரிஜிஸ்டர்ல அவர் பேரே கிடையாது."

"ஏன் கிடையாது?"

"எண்ணிக்கை விலக்காச்சே! ரிஜிஸ்டர்ல முப்பது வரிதான். முப்பத்தொண்ணா போனா திருப்பி அனுப்பிடுவாங்க. முன்னாடி வந்தவங்க பேரையும் நாங்க ஏத்தினதில்ல. அவங்க யாரும் பரீட்சை கேக்கலையே, வந்து போனதுக்கு ஒரு கடிதம் வாங்கிட்டுப் போயிட்டாங்க."

அந்தக் கடிதத்தை ஆஸ்பத்திரி ஏற்காது. தேர்வில் தேறிய சான்றிதழ்தான் வேண்டும்.

கண்காணிப்பாளரைத் திட்டலாம் என்று வாயைத் திறந்தேன், மூடிக்கொண்டேன். தினமும் காலையில் பெயர் கூப்பிட்டது நான். முப்பது பெயரும் முடிந்ததும் கடைசி வரிசையிலிருந்து டிரைவர் தானாகவே "உள்ளேன் டீச்சரம்மா" என்று குரல் கொடுப்பார். எல்லோரும் சிரிப்பார்கள். நானும் தலையை ஆட்டிவிட்டு ரிஜிஸ்டரை மூடிவிடுவேன். இடங்களை எண்ணும்போது அவரை விட்டுவிடலாம் என்றுதான் விதி. நாங்கள் அவரை எல்லாவற்றிலிருந்தும் விட்டிருந்தோம். மூன்றரை மாதமாக அந்தத் தப்பை என் கையாலேயே செய்திருக்கிறேன்.

டிரைவர் நாற்காலியில் உட்கார்ந்தார். முதல் தடவையாக முதுகு சாய்ந்தது.

"அப்ப அவளைக் கூட்டிட்டுப் போயிடுவாங்க" என்றார்.

"இருங்க" என்றேன். விதிமுறைப் புத்தகத்தை அலமாரியிலிருந்து எடுத்தேன். விலக்குப் பிரிவு ஒரு பக்கத்தின் அடியில் தொடங்கி மறுபக்கத்தில் முடிகிறது. மறுபக்கத்தை யாரும் திருப்பியதில்லை, நான் உட்பட. அங்கே இரண்டு வரி இருந்தது: 'இவ்வாறு சேர்க்கப்பட்டவர் ஒதுக்கப்பட்ட இடங்களின் எண்ணிக்கையில் மட்டும் சேர மாட்டார். வருகை, தேர்வு, சான்றிதழ் அனைத்திலும் ஏனையோரைப் போன்றவரே.'

கண்காணிப்பாளர் அதை மூன்று தடவை படித்தார். "சரிதான். ஆனா வந்ததுக்கு ஆதாரம்? நீங்க இப்ப எழுதிக் குடுத்தா, இன்னைக்கு உக்காந்து எழுதினதுன்னு சொல்லுவாங்களே."

டிரைவர் சட்டென்று நிமிர்ந்தார். "ஆதாரம்னா கையெழுத்தா சார்?"

"ஆமா."

தோள்பையிலிருந்து நீளவாட்டில் மடித்த ஒரு நோட்டை எடுத்து மேஜையில் வைத்தார். ஒவ்வொரு வரியிலும் தேதி, உள்ளே வந்த நேரம், வெளியே போன நேரம், வாசல் காவலாளியின் கையெழுத்து. எண்பத்தாறு வரி. ஒரு வரியில் 'நான்கு நிமிடம் தாமதம், மழை' என்று இருந்தது. வராத நான்கு நாளுக்கும் 'மனைவிக்குக் காய்ச்சல்'.

"இதை யாரு எழுதச் சொன்னா?" என்றார் கண்காணிப்பாளர்.

"யாரும் சொல்லலீங்க. வண்டி கிளம்பினா ஒரு கையெழுத்து, போய்ச் சேந்தா ஒரு கையெழுத்து. அது இல்லாம எனக்கு வந்த மாதிரியே இருக்காது."

காவலாளியைக் கூப்பிட்டுக் கேட்டோம். "இவரு விட மாட்டாருங்க. ஒருநாள் நான் டீ குடிக்கப் போயிட்டேன். திரும்பி வர்ற வரைக்கும் கேட்டுலயே நின்னாரு. அந்த நாலு நிமிஷம் அதுதான். மழைன்னு எழுதி என்னைக் காப்பாத்திட்டாரு" என்றார்.

"நிஜமாவே மழை பெய்ஞ்சுது சார்" என்றார் டிரைவர் அவசரமாக.

எண்பத்தாறு வரியிலும் பாடம் நடத்தியவர் என்று நான் கையெழுத்துப் போட்டேன். என் மணிக்கட்டு வலித்தது, அது எனக்கு வேண்டியதுதான். விலக்கில் வருபவர்களுக்கென்று தனி ரிஜிஸ்டர் ஒன்று திறக்கப்பட்டது. கண்காணிப்பாளர் அதன் அட்டையில் தன் கையால் தலைப்பு எழுதினார். எழுதிவிட்டுத் தண்ணீர் கேட்டார்.

வியாழக்கிழமை தேர்வாளர் வெளியிலிருந்து வந்திருந்தார். டிரைவருக்குக் கிடைத்த நோயாளி அவரைவிடப் பெரிய உருவம், இடுப்பு எலும்பு முறிந்து தேறி வருபவர். சக்கரப் பூட்டைப் போட்டார், செருப்பை மாட்டிவிட்டார், குனிந்து "போலாமா?" என்று கேட்டார்.

"எங்க?" என்றார் நோயாளி.

"நாற்காலிக்குத்தான். அதுக்கு அப்புறம் இன்னைக்கு வண்டி இல்ல."

நோயாளி சிரித்ததில் பாதி எடை குறைந்தது போல எழுந்தார். ஊட்டுவதில் தேர்வாளர் கடிகாரத்தைப் பார்த்து மதிப்பெண் குறைத்தார். குறைத்துக்கொள்ளட்டும். எழுபத்தொன்று வாங்கித் தேறிவிட்டார்.

செவ்வாய்க்கிழமை காலை காப்பகத்து வண்டி ஆஸ்பத்திரி வாசலில் நின்றது. டிரைவர் சான்றிதழைப் பிளாஸ்டிக் உறையில் போட்டுக் கொண்டுவந்திருந்தார். வார்டு சிஸ்டர் படித்துப் பார்த்து எண்ணைக் குறித்துக்கொண்டார். "எங்க பக்கம் முடிஞ்சுது. ஆனா அம்மா சம்மதம் சொல்லணும். வீட்டுக்கா, காப்பகத்துக்கா, அவங்கதான் சொல்லணும்."

டிரைவர் இதை எதிர்பார்க்கவில்லை. கட்டிலருகே போய் நின்றார். அந்த அம்மா இடது கையை நீட்டினார்.

"லைசென்ஸ்... காட்டுங்க."

கொடுத்தார். முன்பக்கம் பார்த்தார், திருப்பிப் பின்பக்கம் பார்த்தார். இருபத்தெட்டு வருடம் ஜன்னலில் அடையாள அட்டை பார்த்த பெண் சும்மா விடுவாரா?

"போட்டோல... மூஞ்சி... நல்லால்ல."

"அதுக்கு நான் என்ன பண்றது? இருக்கிற மூஞ்சிதானே வரும்!"

சிஸ்டர் மறுபடி கேட்டார். "அம்மா, வீட்டுக்கா?"

"பின்ன... இவர... யாரு பாத்துக்குவா?"

சிஸ்டர் 'சம்மதம்' என்று எழுதினார். வாசலில் நின்ற வண்டி காலியாகத் திரும்பிப் போயிற்று.

விதிப்படி பதினைந்தாம் நாள் வீட்டுக்குப் போய்ப் பார்த்தேன். இரண்டு அறை. கட்டிலைச் சுவரிலிருந்து இழுத்து நடுவில் போட்டிருந்தார், இரண்டு பக்கமும் போய்வர இடம் விட்டு. கட்டில் தாழ்வாக இருந்தது. குனிந்து குனிந்து டிரைவரின் முதுகு போய்விடும், நான்கு காலுக்கும் மரக்கட்டை வைத்து உயர்த்தச் சொன்னேன். அந்த அம்மாவின் முதுகு, இடுப்பு, குதிகால் எல்லாம் பார்த்தேன். புண் இல்லை. எடை ஒன்றரைக் கிலோ ஏறியிருந்தது.

"குறை ஏதாவது உண்டாம்மா?" என்று கேட்டேன். படிவத்தில் அந்தக் கேள்வி இருக்கிறது.

"இருக்கு. எழுதுங்க."

பேனாவை எடுத்தேன். டிரைவர் சமையலறை வாசலில் வந்து நின்றார்.

"அஞ்சரைக்கு... எழுப்பி... பல்லு தேய்க்கறாரு."

"என்ன டிரைவர் சார் இது? அவங்களுக்கு என்ன அவசரம்?"

"முப்பத்து நாலு வருஷமா நான் அஞ்சரைக்குத்தானே எந்திரிக்கிறேன்!"

"நீங்க எந்திரிங்க. அவங்க ரிட்டயர் ஆயாச்சு."

அவர் மனைவியைப் பார்த்தார். "ஆறரை?"

அந்த அம்மா தலையை இடமும் வலமும் ஆட்டினார்.

"ஏழு?"

"ஏழரை."

"சரி, ஏழரை" என்றார். நான் படிவத்தில் 'குறை தீர்க்கப்பட்டது' என்று எழுதினேன். அவர் எட்டிப் பார்த்துச் சரியாக எழுதியிருக்கிறேனா என்று படித்துவிட்டு, பால் பொங்குகிறது என்று உள்ளே ஓடினார்.