டேப்பில் வராத ஓரம்

கயிற்றுக்காரர் என்றால் எதற்கும் அஞ்சாதவர் என்றுதான் பெயர். முப்பது வருஷம் சண்டைப் படங்களில் ஆட்களைக் கயிற்றில் கட்டிப் பறக்கவிட்டவர். அப்படிப்பட்டவரே, மருமகன் கொண்டுவந்த டிஸ்க்கின் அட்டையைப் பார்த்ததும் பயந்துவிட்டார்.

"மாமா, நீங்க வேலை பாத்த பழைய படம், அகலத்திரையில வந்திருக்கு! நம்ம வீட்டு டேப்புல டிவிக்குத் தோதா ரெண்டு பக்கமும் வெட்டிட்டாங்க. ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல ஓட்டிப் பாப்போம்."

மருமகனுக்கு இது ஒரு பைத்தியம். மேஜைமேல் இரண்டு டிவியை ஏற்றிவிட்டான். சோபாவில் கயிற்றுக்காரரின் மனைவி. பக்கத்தில், ஊன்றுகோலைச் சாய்த்துவிட்டு அவள் அண்ணன். அந்தப் படத்தில், கயிற்றுக்காரர் பிடித்த கயிற்றை நம்பி மாடியிலிருந்து குதித்துக் காலை உடைத்துக்கொண்டவர். "ரெண்டு கையாலயும் இறுக்கித்தான் புடிச்சேன், கயிறு வழுக்கிடுச்சு" என்று அன்று சொன்னதைக் கயிற்றுக்காரர் இன்றுவரை மாற்றவில்லை.

அது பொய். கேமரா தன் பக்கமும் பார்க்கிறது என்று தெரிந்ததும், முகம் லட்சணமாக விழட்டுமே என்று ஒரு கையை எடுத்துத் தலை சீவினார் மனுஷன். அந்த ஒரு நொடிதான். பிறகு படத்தைத் தியேட்டரில் போய்ப் பார்க்கவே பயம். டேப் வந்தபோது அதில் அவர் நின்ற ஓரமே இல்லை. அப்பாடா என்று இருந்துவிட்டார். பூனை கண்ணை மூடிக்கொண்டால் உலகம் இருண்டுவிடுமா? இன்றைக்கு மனைவிக்குத் தெரிந்தால் இந்த வீட்டில் தனக்கு இடமில்லை என்று அவருக்கு நன்றாகவே தெரியும்.

குதிக்கும் காட்சி வந்தது. டேப்பில் மச்சான் மட்டும் அந்தரத்தில். டிஸ்க்கில் மச்சான், மாடிச் சுவர், ஓரத்தில் சுவருக்குப் பின்னால் ஒரு ஆள், கையில் சீப்பு. நல்லவேளையோ கெட்டவேளையோ, சீவிய கையே முகத்தை மறைத்திருந்தது.

"யாருண்ணே அது, ஓரத்துல தலை சீவிக்கிட்டு?" என்றாள் மனைவி.

மச்சான் சாவகாசமாகக் கண்ணாடியைத் துடைத்தார். "யாரோ வேடிக்கை பாக்க வந்தவன்மா. நீ போய் டீ போடு."

அவள் எழுந்து போனாள். மருமகன் ரிமோட்டைத் தேடிச் சோபாவுக்கடியில் குனிந்தான். மச்சான் கயிற்றுக்காரர் பக்கம் சாய்ந்தார்.

"தியேட்டர்ல என்னைக்கும் படம் முழுசாத்தான் ஓடுச்சு, மாப்ளே. மொத நாளே கட்டுக்காலோட போய்ப் பாத்துட்டேன்."

"அப்புறம் ஏன் மச்சான் ஒரு வார்த்தை..."

"தங்கச்சி அப்ப மாசமா இருந்தா."

டீ வந்தது. கயிற்றுக்காரர் ஒரு கையை நீட்டினார்.

"ரெண்டு கையாலயும் புடிங்க, மாப்ளே" என்றார் மச்சான்.