நியூ ஜெர்சியில் ஒரு பங்காளிச் சண்டை

மகள் மரபணுச் சோதனைக்காக ஒரு பிளாஸ்டிக் குழாயில் எச்சில் துப்பித் தபாலில் அனுப்பியிருந்தாள். அதன் முடிவு வந்துவிட்டது. டெக்சாஸில் எங்கள் ஃபிரிஸ்கோ வீட்டுச் சமையலறையில் போனை என் மூக்கருகே நீட்டினாள்.

"அப்பா, லுக்! ஐ ஹாவ் ஸோ மெனி கசின்ஸ்!"

ஹூஸ்டனில் ஒருவர், டொராண்டோவில் ஒருவர், படத்தில் நாயை மட்டும் காட்டிக்கொண்டிருந்த ஒருவர் என்று பட்டியல் கீழே போய்க்கொண்டே இருந்தது.

"இவங்கல்லாம் அப்பா வழியா, அம்மா வழியா?" என்றேன்.

"டஸ் இட் மேட்டர்?"

என்ன இப்படிக் கேட்டுவிட்டாள்! அது எவ்வளவு பெரிய விஷயம் என்று நான் தெரிந்துகொண்டது தமிழ்நாட்டில்கூட இல்லை, நியூ ஜெர்சியில், ஓர் உள்ளூர்த் தேர்தலில். சொல்ல வாயெடுத்தேன். அவள் பீட்சாவைக் கடித்தபடி மாடிக்குப் போய்விட்டாள். ஆகவே நீங்கள் மாட்டிக்கொண்டீர்கள்.

பீட்சாவின் ஆரிகானோ வாசனைக்கு என்னை இருபது வயது குறைத்துவிடும் சக்தி உண்டு. பிளெய்ன்ஸ்பரோவுக்குப் பக்கத்துச் சின்ன ஊர் ஒன்றில் நான் வேலை பார்த்த வாரப் பத்திரிகை, ஒரு பீட்சா கடையின் மாடியில் இருந்தது. மரண அறிவிப்புகூட அங்கே ஆரிகானோ மணத்தோடுதான் அச்சுக்குப் போகும். சென்னையில் நாளிதழில் வேலை செய்தவன் நான். மனைவியின் விசாவில் வந்து வீட்டில் பருப்பு வேகவைத்துக்கொண்டிருந்தேன். வேலை அனுமதி கிடைத்ததும் ஓடிப்போய்ச் சேர்ந்த இடம் அது. மந்திரிகளைக் கேள்வி கேட்ட வாய் இது என்று எனக்குள் ஒரு மிதப்பு. முதல் வாரம் எனக்குத் தரப்பட்ட செய்தி, நூலக வாசலில் ஒரு வாத்து முட்டையிட்டது பற்றியது. மூன்று முறை திருத்தி எழுதினேன்.

ஆசிரியர் மார்ட்டி நல்ல மனிதர். அவருக்கு ஒரே ஒரு பிடிவாதம். தேர்தலில் நிற்பவரைப் பற்றி எழுதினால் முதல் வரியில் அவர் அந்த ஊரில் எத்தனையாவது தலைமுறை என்று வந்துவிட வேண்டும். வேட்பாளரின் கொள்கை ஐந்தாம் பத்திக்கு மேல் ஏறாது. ஊர் அப்படி. டவுன்ஷிப் கமிட்டி என்ற ஊராட்சிக்கு வான் ஹெசில் குடும்பத்திலிருந்து யாராவது ஒருவர் போய்க்கொண்டே இருப்பார். அந்தச் சமயம் அங்கே இருந்தவர் ரிக் வான் ஹெசில், ஆறாவது தலைமுறை. ஊரில் அவர்கள் பெயரில் ஒரு சாலை, ஒரு பாலம், கல்லறைத் தோட்டத்தில் ஒரு முழு வரிசை.

அவரை எதிர்த்து நின்றவர் கிளாடிஸ் அக்கா. பாளையங்கோட்டைக்காரர். மருந்துக் கம்பெனியில் வேதியியலாளர். ஞாயிற்றுக்கிழமை தமிழ் ஆராதனையில் பாடுவார், பாட்டு முடிந்த பிறகும் அரை வரி பாடுவார். அவருடைய தலைமுறை என்ன என்று மார்ட்டி கேட்டார்.

"பூஜ்யம்" என்றேன்.

யோசித்து, "முதல் தலைமுறை என்று போடு. கௌரவமாக இருக்கும்" என்றார்.

அக்கா பதவிக்கு ஆசைப்பட்டு நிற்கவில்லை. எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்புக்கும் பள்ளிக்கூடத்துக்கும் நடுவே ஒரு நெடுஞ்சாலை ஓரம். அங்கே நடைபாதை கிடையாது. தாய்மார்கள் பிள்ளைகளைக் கையில் பிடித்துக்கொண்டு, தள்ளுவண்டியைப் புல்லில் இழுத்துக்கொண்டு போவார்கள். பனி கொட்டினால் புல்லும் மறைந்துவிடும், சாலையில்தான் இறங்க வேண்டும். ஒரு மழை நாளில் ஒரு லாரி ஒரு பெண்ணின் குடையைப் பறித்துக்கொண்டு போனது. குடையோடு போயிற்றே என்று எல்லோரும் சிரித்தார்கள். அக்கா சிரிக்கவில்லை. அந்தப் பெண்ணின் மறு கையில் இருந்த பிள்ளையை அவர் பார்த்திருந்தார். கமிட்டியில் போய்க் கேட்டார். சாலையோர நிலம் தனியாருடையது, ஒன்றும் செய்வதற்கில்லை என்று ரிக் கைவிரித்தார்.

"அப்ப அந்த நாற்காலில நானே உக்காந்துக்கிடுதேன்" என்றார் அக்கா.

பிரச்சாரம் நம் முறைப்படி நடந்தது. அக்காவின் கணவர் ஜெபராஜ் அண்ணாச்சி ஒவ்வொரு வீட்டுக் கதவையும் தட்டுவார். கொள்கை, நடைபாதை எதையும் பேச மாட்டார். "நீங்க எந்த ஊரு?" என்று தொடங்குவார். கும்பகோணம் என்றால், "கும்பகோணத்துல எங்க?" என்பார். மூன்றாவது கேள்வியில் சித்தப்பாவின் சம்பந்தி வந்துவிடுவார், ஐந்தாவதில் காபி வந்துவிடும். யாரோடும் தொடர்பு கிடைக்காவிட்டால் அவருக்கு வியர்த்துவிடும். ஒரு தெலுங்குக் குடும்பத்தோடு சென்னை எழும்பூர் ஸ்டேஷன் கேன்டீன் வழியாக உறவு கொண்டாடினார். மாதம் முடிவதற்குள் குடியிருப்பு முழுவதும் அக்கா பக்கம்.

அக்கா வீட்டில் வெற்றி பிரியாணி. ஆம், தேர்தலுக்கு முன்பே. அண்ணாச்சி தட்டும் கையுமாக, "கிளாடிஸ், நீ நாளைக்கே ஸ்பீச்சை ரெடி பண்ணு" என்று கூவிக்கொண்டிருந்தார். எனக்குப் பத்திரிகைக்காரப் புத்தி சும்மா இருக்கவில்லை. "இங்க யாரெல்லாம் சிட்டிசன்?" என்று கேட்டுவிட்டேன்.

சில கைகள் உயர்ந்தன. அவற்றில் ஒன்று ரைத்தா கேட்ட கை.

மற்றவர்கள் விசாவில் இருந்தார்கள், அல்லது கிரீன் கார்டுக்கு வரிசையில் நின்றார்கள். ஓட்டு கிடையாது. இது அறையிலிருந்த அத்தனை இன்ஜினியர்களுக்கும் தனித்தனியாகத் தெரியும். சேர்ந்து உட்கார்ந்தபோது ஒருவருக்கும் தோன்றவில்லை.

"அண்ணாச்சி, எனக்கும் ஓட்டு இல்ல" என்றேன் ஆறுதலாக.

"நீ ஒண்ணும் பேசாத வே" என்றார் அண்ணாச்சி.

மறுநாள் அக்கா ஊரின் பழைய வீடுகளை நோக்கிக் கிளம்பினார். செய்தி சேகரிக்க நானும் கூடப் போனேன். முதல் கதவு திறந்ததும் அவர் கேட்டது எனக்கு இன்னும் காதில் இருக்கிறது: "குட் ஈவினிங். உங்கள் அம்மாவின் ஊர் எது?"

போலீஸைக் கூப்பிடுவார்கள் என்று நினைத்தேன். ஆப்பிள் பை வந்தது. அமெரிக்கர்களிடம் அவர்கள் குடும்பத்தைப் பற்றிக் கேட்கத்தான் ஆள் இல்லை, சொல்ல அவர்கள் தயாராகவே இருந்தார்கள் என்பது அன்று தெரிந்தது. பழுப்புப் படங்கள், பைபிளின் முதல் பக்கத்தில் எழுதிய பிறப்புகள், உள்நாட்டுப் போரில் கால் இழந்த பாட்டன் என எல்லாம் மேசைக்கு வந்தன.

அப்படித்தான் டோரதியிடம் போய்ச் சேர்ந்தோம். எண்பதைத் தாண்டியவர், பீச் தோட்டத்தின் ஓரத்து மர வீட்டில் தனியாக இருந்தார். தபால் பெட்டியில் வான் ஹெசில் என்று இருந்தது.

"ரிக்குக்கு நீங்கள் என்ன வேண்டும்?" என்றார் அக்கா.

"ஒன்றும் வேண்டாம்" என்றார் டோரதி. பிறகு மெல்ல, "என் அப்பாவும் அவன் தாத்தாவும் அண்ணன் தம்பி" என்றார்.

கதை வந்தது. நெடுஞ்சாலை போட்ட காலத்தில் அண்ணன், அதாவது ரிக்கின் தாத்தாதான் கமிட்டித் தலைவர். சாலை யார் நிலத்தின் வழியாகப் போவது என்ற கேள்வி எழுந்தபோது அது தம்பியின் தோட்டத்தின் நடுவே போயிற்று. அன்றோடு தம்பி கட்சி மாறினார். அவர் பிள்ளைகள், பேரப்பிள்ளைகள், மருமக்கள் எல்லோரும் மாறினார்கள். அந்த ஊரில் இரண்டு கட்சி என்று நான் பத்திரிகையில் எழுதிக்கொண்டிருந்தது இரண்டு வீடு.

அக்கா என் பக்கம் திரும்பி, முகம் மலர, தமிழில் சொன்னார்: "தம்பி, இது பங்காளிச் சண்டைல்லா! எங்க ஊர்ல வாய்க்காலுக்குப் போட்டாவ, இங்க ஹைவேக்குப் போட்டிருக்காவ. ரிக்கு சொந்தம் சொந்தம்னு சொல்லிக்கிட்டிருக்கதுல பாதி பங்காளி. ஒருத்தனும் ஓட்டுப் போட மாட்டான்!"

அடுத்து அவர் டோரதியிடம் கேட்ட கேள்வி சாதாரணமானது. சாலையோர நிலம் இப்போது யாருடையது?

"என்னுடையது."

"நடைபாதைக்கு ஒரு துண்டு தருவீர்களா?"

"தருவேனே" என்றார் டோரதி. "யாரும் என்னைக் கேட்கவில்லை."

ரிக் எப்படிக் கேட்பார்? இரண்டு தலைமுறையாகப் பேச்சுவார்த்தை இல்லை.

வேட்பாளர் கூட்டம் தீயணைப்பு நிலையத்தின் கூடத்தில். காய்ந்துபோன காபி வாசனை, ஈர மழைக்கோட்டு வாசனை. ரிக் எழுந்து ஆறாவது தலைமுறை என்றார், கைதட்டினார்கள். யாரோ அக்காவைப் பார்த்து, உங்கள் குடும்பம் எவ்வளவு காலமாக இங்கே இருக்கிறது என்று கேட்டார்கள்.

"என் குடும்பம் இங்கே இல்லை" என்றார் அக்கா. "அதனால் மிஸ்டர் வான் ஹெசிலின் குடும்பத்தைப் பார்க்கப் போனேன். அவருடைய அத்தை நடைபாதைக்கு நிலம் தருகிறார்கள்."

பின்வரிசையில் கைப்பையை மடியில் வைத்திருந்த டோரதி கையை ஆட்டினார். "ஹலோ, ரிக்கி."

கூடம் அதிர்ந்தது. ரிக்கின் முகம் சிவந்து, வெளுத்து, மறுபடி சிவந்தது. நான் அடுத்த வாரத் தலைப்பை மனதிலேயே எழுதிவிட்டேன்: கிளாடிஸ் வெற்றி முகம். என் அரசியல் கணிப்புகளின் தரம் உங்களுக்கு இப்போது புரிந்திருக்கும்.

ஏனென்றால் மறுநாள் ரிக் ஒரு கேக்கோடு டோரதி வீட்டுப் படியேறினார். மாலைவரை இறங்கவில்லை. அந்த வார இறுதியில் இரண்டு வீட்டாரும் பீச் மரங்களுக்கு நடுவே மேசை போட்டுச் சாப்பிட்டார்கள், அழுதார்கள், படம் எடுத்துக்கொண்டார்கள். எங்களுக்கும் அழைப்பு. அண்ணாச்சி வாழ்க்கையில் முதல்முறையாகச் சோளக் கதிரைக் கத்தி முள்கரண்டியால் தின்ன முயன்றார். தேர்தல் நாளன்று இரண்டு வீட்டாரும் ஒன்றாகப் போய் ரிக்குக்கு ஓட்டுப் போட்டார்கள்.

அக்கா தோற்றார்.

"பங்காளிய சேத்து வச்சுட்டு ஓட்டும் கேட்டா யாரு போடுவா?" என்று அண்ணாச்சி ஒரு வருஷம் கேலி செய்தார். "பிரிச்சு வச்சுல்லா ஜெயிக்கணும்! ஊர்ல உங்க அப்பா ஒனக்கு ஒண்ணுமே சொல்லித் தரலையா?"

"பாதை வந்துச்சுல்லா? பேசாம நடங்க" என்பார் அக்கா.

ஆம், வந்தது. ரிக் பதவியேற்றுச் செய்த முதல் வேலை அதுதான். பாதை திறந்த அன்று பெண்கள் தள்ளுவண்டிகளை வரிசையாக உருட்டிக்கொண்டு போனார்கள். முன்னால் அக்கா, ஏதோ ஒரு பாட்டின் கூடுதல் அரை வரியைப் பாடியபடி.

இப்போது டோரதி இல்லை. பீச் தோட்டம் இருந்த இடத்தில் ஒரு சரக்குக் கிடங்கு. வாரப் பத்திரிகை மூடிப் பல காலமாகிறது, மார்ட்டி காலமானபோது அறிவிப்புப் போட ஊரில் பத்திரிகை இல்லை. அண்ணாச்சியும் போய்விட்டார். கிரீன் கார்டு வந்த குடும்பங்கள் கலிஃபோர்னியாவில் மில்பிடாஸ், டெக்சாஸில் ஃபிரிஸ்கோ என்று கலைந்தன. ரிக் வீட்டை விற்றுவிட்டு வட கரோலினாவில் மகனோடு இருக்கிறார்.

இதையெல்லாம் நேற்று அக்காவிடம் போனில் பேசிக்கொண்டிருந்தேன். அவர் இப்போது மில்பிடாஸில் மகள் வீட்டில்.

"அப்ப அந்த ஊர்ல வான் ஹெசில் ஒருத்தருமே கெடயாதா?"

"ஒருத்தரும் இல்லக்கா."

போனில் அந்தப் பழைய சிரிப்பு கிளம்பி வந்தது.

"அப்ப இப்ப நின்னா நான்தான் தம்பி ஜெயிப்பேன்!"

அங்கே இப்போது அவருக்கே ஓட்டு இல்லை. நான் அதைச் சொல்லவில்லை.