சீயாவும் நூறு பாகமும்

போன செவ்வாய்க்கிழமை காலை கைத்தொலைபேசி அடித்தது. பக்கத்து வீட்டு நவாஸ்.

"சேர், கொஞ்சம் கடலப் பாருங்க."

பார்த்தேன். கண்டக்குழிக் கடலில் நங்கூரமிட்ட மீன்பிடிப் படகுக்குள் உட்கார்ந்து, பாண் துண்டைத் தேநீரில் தோய்த்தபடி கை காட்டினார். மூன்று நாளாக அங்கேதான் குடித்தனமாம்!

நவாஸும் அவருடைய மாமனாரும் ஒரே போட்டில் தொழிலுக்குப் போகிறவர்கள். நடுக்கடலில் ஏதோ வாக்குவாதம். நவாஸ் கோபத்தில் கையில் இருந்த பாரை மீனை வீச... அது மாமனாரின் முகத்தில் பட்டு, பொய்ப்பல் கடலில் விழுந்துவிட்டது. கரைக்கு வந்ததும் மாமனார் நேரே பொலிஸுக்குப் போனார். வழக்கு. நீதவான் நவாஸைப் பிணையில் விட்டார் — ஒரு நிபந்தனையோடு.

"மாமாட கிட்ட நூறு பாகத்துக்குள்ள போகக் கூடாதாம் சேர். அவர்ட ஊட்டுக்கும் எங்கட ஊட்டுக்கும் ஒரே வேலி. நூறு பாகம் அளந்தா கடல்தான் வருது!"

பாகம் என்றால் இரண்டு கையையும் விரித்த நீளம். மீனவர்கள் கயிறு அளக்கும் கணக்கு. நீதிமன்றம் எப்போது பாகத்தில் அளக்கத் தொடங்கியது?

"வெள்ளிக்கிழம மகள்ட நிகாஹ். வாப்பா நான்தானே வலியா, பொறுப்புக்காரனா இரிந்து கட்டிக் குடுக்கோணும்? கடல்ல நிண்டா குடுக்குற? மேல் கோட்டுக்குப் போவோம் சேர்!"

எனக்குச் சிரிப்பும் வந்தது, பாவமாகவும் இருந்தது.

என்னிடம் படித்த ஒரு பெண் இப்போது புத்தளத்தில் சட்டத்தரணி. அவளை அழைத்தேன்.

"சேர், நீதவான்ட ஓடர் பிடிக்கல்ல எண்டதுக்காக மேல் நீதிமன்றம் கை வைக்காது. சட்டம் பிழைச்சிருக்கோணும். இல்லாட்டி, பாத்தவங்களுக்கே நெஞ்சு பதறுற அநியாயம் நடந்திருக்கோணும். முதல்ல ஓடரை அனுப்புங்க."

நியாயம்தானே? ஆனால் நாம் அப்படியா? முப்பது வருடம் ஆசிரியராக இருந்தவன் நான். பிள்ளைக்கு இரண்டு புள்ளி குறைந்தால் பெற்றோர் பாடசாலை அதிபரிடம் ஓடுவார்கள். அதிபர் அசையாவிட்டால் வலயக் கல்வி அலுவலகம். விடைத்தாளை மட்டும் ஒருவரும் திறந்து பார்க்க மாட்டார்கள்.

நீதிமன்ற ஓடர் படகுக்குள், பொலித்தீன் பையில் பத்திரமாக இருந்தது. சிங்களத்தில். நவாஸ் படம் பிடித்து அனுப்பினார். ஐந்து நிமிடத்தில் சட்டத்தரணியின் அழைப்பு. சிரித்துக்கொண்டே பேசினாள்.

"சேர், இதுல மீட்டரும் இல்ல, பாகமும் இல்ல. முறைப்பாட்டுக்காரருக்குத் தொந்தரவு குடுக்கக் கூடாது, அவ்வளவுதான். நூறு எண்டு ஆர் சொன்னது?"

நவாஸிடம் கேட்டேன். நீதிமன்ற வாசலில் ஒரு சிங்களப் பொலிஸ்காரர் அரைகுறைத் தமிழில் விளக்கினாராம்: "சீயா கிட்ட போய் சண்டை போட வாணாம்."

சிங்களத்தில் சீயா என்றால் தாத்தா. நூறு என்பதற்கு அங்கே 'சீய'; காதுக்குக் கிட்டத்தட்ட அப்படித்தான் கேட்கும். பொலிஸ்காரர் சொன்னது கிழவரை. நவாஸுக்குக் கேட்டது நூறு. பாகத்தை அவரே சேர்த்துக்கொண்டார்!

"பிழை ஓடர்ல இல்ல சேர், காதுல" என்றாள் சட்டத்தரணி. "காதுக்கு எதிரா மீளாய்வு மனு போட ஏலாது."

வெள்ளிக்கிழமை நிகாஹ் நடந்தது. நவாஸ் நிலத்தில், வலியாக, தலை நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். சாப்பாட்டுக்கு மாமனாரும் மருமகனும் ஒரே சஹன் தட்டில்தான். பல்லில்லாத மாமனாரின் பக்கம் இறைச்சியைப் பிய்த்துப் பிய்த்துத் தள்ளிக்கொண்டிருந்தார் நவாஸ்.

பந்தியில் மீனே இல்லை. மணமகளின் உத்தரவு — அதில் எந்த மேல் நீதிமன்றமும் கை வைக்க முடியாது!