மூன்று வருஷத்துச் சாமை

காவலூருக்குப் பக்கத்து மலைக்கிராமத்தில், அம்மாக்கண்ணுவின் வீட்டில் மூன்று வருஷத்துச் சாமை மூட்டை மூட்டையாகக் கிடந்தது. அவளோ ரேஷன் அரிசியைப் பொங்கித் தின்றாள். பைத்தியமா என்று கேட்பீர்கள். அந்த வீட்டு வழக்கம் அப்படி. புதுச் சாமையைச் சாமிக்குப் படைத்ததும் வீட்டு ஆம்பளை முதல் கவளம் எடுக்க வேண்டும், பிறகுதான் மற்றவர்கள். அந்த ஆம்பளை, அவள் புருஷன் வெற்றிவேல், கடல் கடந்து ஏதோ பாலைவனத்தில் எண்ணெய்க் குழாய் மாட்டிக்கொண்டிருந்தான்.

"ஒரு பிடி பொங்கித் தின்னேன், சாமி இன்னா கண்ணையா குத்திடும்?" என்று நாத்தனார் குப்பம்மாள் கிண்டல் செய்வாள்.

"அவரு வந்து திங்கட்டும். வந்துடுவாரு."

வழக்கத்துக்காக மட்டுமா? அட, போங்கள்! அவன் பக்கத்தில் உட்கார்ந்து தின்ன வேண்டும் என்கிற ஏக்கம்தான். ஒவ்வோர் அறுப்புக்கும் வருகிறேன் என்பான். எண்ணெய் நிற்கக் கூடாது என்று கம்பெனிக்காரன் பாஸ்போர்ட்டைத் தர மாட்டான். நாடு முழுக்க வண்டி ஓட வேண்டும், சரி. அதற்கு இவள் புருஷன்தானா கிடைத்தான்?

இந்தத் தை மாதம் சொல்லாமல் கொள்ளாமல் வந்து நின்றான். ஆள் பாதியாய் இளைத்திருந்தான். அம்மாக்கண்ணுவுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அன்றைக்கே சாமையைக் குத்தி உலையில் போட்டாள். அடுப்பைப் பார்க்காமல் அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். சோறு அடிபிடித்துத் தீய்ந்தது. வாசலில் நின்ற குப்பம்மாள்கூட மூக்கைப் பொத்தினாள். அடுப்போரம் உட்கார்ந்திருந்தவன் மட்டும் பேசிக்கொண்டே இருந்தான்.

மேலாக ஒரு பிடி சாமிக்கு வைத்துவிட்டு, திட்டு விழும் என்று பயந்துகொண்டே அவன் தட்டில் போட்டாள். அவன் கவளத்தை முகர்ந்தான்.

"ஆகா, நம்ம சாமை வாசனை! இதுக்குத்தாம்மா ஏங்கிக் கெடந்தேன்."

அவள் அவன் முகத்தை உற்றுப் பார்த்தாள். "தீஞ்சு கெடக்குதுங்க. உங்களுக்குத் தெரியலியா?"

வெற்றிவேல் தலையைக் குனிந்துகொண்டான். "குழாய்ல வாயு கசிஞ்சுது. ஆறு மாசமா ஒரு வாசனையும் தெரியல. இனிமே ஒதவ மாட்டேன்னு அனுப்பிட்டாங்க. ஒனக்குத் தெரியக் கூடாதுன்னு பாத்தேன்."

அம்மாக்கண்ணு அவன் பக்கத்தில் ஒட்டி உட்கார்ந்து, அழுதுகொண்டே ஒரு கவளம் எடுத்தாள்.

"சாமை வாசனை எப்டி இருக்குது? நீயாவது சொல்லு."

தீய்ந்த நாற்றத்தைத் தவிர அவளுக்கும் ஒன்றும் தெரியவில்லை.