அத்தையின் பயணமும் பல்லும்

லோசலினே அத்தையின் வாழ்க்கை வரலாற்றை யாரும் எழுத வேண்டியதில்லை. அது எங்கள் வீட்டில் நான்கு அத்தியாயங்களாக நடமாடிக்கொண்டிருக்கிறது. இரண்டாவது அத்தியாயம் நான்.

எங்கள் டோங்கா தீவுகளில் பிள்ளைக்குப் பெயர் வைப்பது அப்பாவின் மூத்த சகோதரி. பெற்றவளுக்கு அதில் வேலை இல்லை. அண்ணன் பிறந்த மாதம் அத்தை முதன்முறையாக ஆக்லாந்துக்குக் கிளம்பினார். அதனால் அண்ணன் ஃபோலாவு, அதாவது பயணம். நான் பிறந்தபோது அம்மாவுக்கு ரத்தப்போக்கு நிற்கவில்லை. மூன்று நாட்கள் பிழைப்பாரா என்றே தெரியாமல் கிடந்தார். அதே மூன்று நாட்களும் அத்தை துறைமுகத்தில் உட்கார்ந்து, ஆக்லாந்திலிருந்து வர வேண்டிய தன் பீப்பாய்க்காகக் காத்திருந்தார். என் பெயர் ததாலி, காத்திருத்தல். யாருக்காக என்று கேட்பவர்களிடம் அம்மாவுக்காக என்று சொல்லிவிடுவேன். உண்மையில் அது சோப்பும் போர்வையும் டின் இறைச்சியும் அடைத்த ஒரு பீப்பாய்.

அடுத்தவன் இகுனா, வெற்றி. தேவாலயப் பாடற்குழுவில் முன்வரிசை நாற்காலிக்காகப் பக்கத்து வீட்டுக்காரியோடு எட்டு மாதம் நடந்த போரில் அத்தை ஜெயித்திருந்தார். கடைசித் தம்பி நிஃபோ, பல். அவன் பிறந்த அன்று அத்தைக்குக் கடைவாய்ப் பல்லைப் பிடுங்கியிருந்தார்கள். இப்போது அவன் ரக்பி ஆடுகிறான். மைதானத்தில் நூறு பேர் சேர்ந்து அவன் பெயரைக் கத்தும்போது அத்தை ஒரு பக்கக் கன்னத்தைத் தடவிக்கொள்வார்.

அத்தைக்குப் பிள்ளைகள் இல்லை. மாமா ஆக்லாந்திலேயே இன்னொருத்தியோடு தங்கிவிட்டார். அந்த நிகழ்ச்சிக்கு மட்டும் எங்களில் யாருடைய பெயரும் இல்லை. பாய் பின்னி விற்று அத்தை தனியாக வாழ்ந்தார். எங்கள் வீட்டு விருந்துகளில் முதல் தட்டு அவருக்கு. அவர் வாய் வைக்காமல் அப்பா தொட மாட்டார்.

எங்கள் குடும்பத்தில் பட்டம் வாங்கிய முதல் ஆள் நான். கடல் கடந்து போய் சுவா பல்கலைக்கழகத்தில் பெயர்களைப் பற்றித்தான் கட்டுரை எழுதினேன். பெயரிடும் உரிமை தாயிடமிருந்து பறிக்கப்படுகிறது என்று அதில் கோபமாக ஒரு பக்கம் இருக்கும். நல்ல மதிப்பெண் கிடைத்தது. எனக்கு என்ன பெயர் வைக்க நினைத்திருந்தாய் என்று அம்மாவிடம் மட்டும் நான் இன்றுவரை கேட்டதில்லை.

போன மாதம் ஃபோலாவுக்குப் பெண் குழந்தை பிறந்தது. அவனுக்கு ஒரே சகோதரி நான் என்பதால் உரிமை என்னிடம் வந்து சேர்ந்தது. ஆஸ்பத்திரியில் அண்ணி ஃபூசி குழந்தையைப் பார்த்தபடியே, இறந்துபோன தன் அம்மா லெசியேலி சிரித்தால் முகம் இப்படித்தான் இருக்கும் என்றாள். பிறகு, “சும்மாதான் சொன்னேன், ததாலி. நீங்க எதுவும் நெனச்சுக்காதீங்க” என்றாள். அவள் கேட்கக் கூடாது, கேட்கவும் இல்லை. ஆனால் அந்தப் பெயரைத் தவிர அவளுக்கு வேறு எதுவும் வேண்டியிருக்கவில்லை என்பது எனக்குப் புரிந்தது.

ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து எல்லோரும் பாயில் உட்கார்ந்தோம். வாசலோரம் ஃபூசியின் பிறந்த வீட்டார். நான் என் கட்டுரையின் அந்தக் கோபமான பக்கத்தை நடத்திக்காட்ட முடிவு செய்திருந்தேன். பெயர் வைக்கும் உரிமையை ஃபூசிக்கே கொடுக்கிறேன் என்று அறிவித்தேன். கைதட்டுவார்கள் என்று எதிர்பார்த்தேன் என்றே நினைக்கிறேன்.

அண்ணன் தலையைக் குனிந்துகொண்டான். பிள்ளையின் அத்தை, இங்கே நான், பெயர் வைக்க மறுத்தால் அந்தப் பிள்ளையை அப்பா வீட்டார் ஏற்கவில்லை என்று அர்த்தம். இது எனக்குத் தெரியும், அடிக்குறிப்பில்கூட எழுதியிருந்தேன்.

ஃபூசி அழுதாள். “நாங்க உங்களுக்கு என்ன கொற வச்சோம்?”

“படிச்சவடி இவ. புள்ளய வேண்டாம்னு சொல்லத்தான் சுவாவுல பட்டம் குடுக்குறாங்க போல” என்றார் லோசலினே அத்தை.

அவசரமாக வாயைத் திறந்தேன். “பேரு லெசியேலி.”

“எந்த லெசியேலி?” என்று அத்தை கேட்டார்.

பெயர் வைப்பவளின் வாழ்க்கையிலிருந்து ஒரு காரணம் சொல்லியாக வேண்டும். ஃபூசியின் அம்மா என்று சொன்னால், அண்ணன் பெண்டாட்டி பேச்சில் ஆடுகிறான் என்றாகும். தாங்களே கேட்டு வாங்கியதாகப் பழி வருமே என்று வாசலோரம் இருந்தவர்கள் எழுந்தே போய்விடுவார்கள். சுவாவில் காய்ச்சலில் கிடந்தபோது மீன் சூப்பு வைத்துக் கொடுத்த நம் ஊர் அம்மா ஒருவரின் பெயர் என்றேன். அங்கே எனக்குக் காய்ச்சல் வந்ததே இல்லை.

அத்தை என்னை நெடுநேரம் பார்த்தார். ஃபூசியின் கல்யாணத்தில் போதகர் இறந்துபோன தாயின் பெயரைச் சொல்லி ஜெபித்தபோது அத்தையும் அங்கேதான் இருந்தார்.

“ஓ, அந்த லெசியேலியா?” என்றார். “இவள பாத்துக்கன்னு அவளுக்கு ரெண்டு பாய் அனுப்புனதே நான்தானே. ஒண்ணு பெரிசு, ஓரத்துல கம்பளி நூல் வச்சது.”

எல்லோரும் தலையாட்டினார்கள். குழந்தைக்குப் பெயர் நிலைத்தது. அப்படி ஒரு பெண்ணே இல்லை என்று சொல்லக்கூடிய ஒரே சாட்சி நான். என்னால் வாய் திறக்க முடியாது. என் பெயரைப் போலவே இதுவும் அத்தையின் கணக்கில் சேர்ந்துவிட்டது. தாயின் உரிமையை மீட்கப் போய், ஃபூசியின் அம்மாவை யாரோ ஒரு சூப்புக்காரியாக ஆக்கிவிட்டேனே என்று வெட்கமாக இருந்தது.

அடுத்த வாரம் அத்தை முற்றத்தில் பாய் பின்னிக்கொண்டிருந்தார். பக்கத்தில் குழந்தையோடு ஃபூசி. சுவா லெசியேலிக்கு அனுப்பியதாக அவர் சொன்ன ரெண்டு பாய் அதற்குள் நாலாகியிருந்தது. நான் உள்ளே துணி மடித்துக்கொண்டிருந்தேன்.

“அவங்க எடது கையாலதான் பின்னுவாங்களாமே, அத்தை?” என்று ஃபூசி மெதுவாகக் கேட்டாள். இடது கையை என் சூப்புக்காரிக்கு நான் கொடுக்கவில்லை, அது ஃபூசியின் அம்மாவுடையது.

அத்தையின் விரல்கள் நிற்கவில்லை. “ஆமா, எடது கைதான். மாத்திக்கோடின்னு நானும் எத்தன தடவ திட்டியிருக்கேன். கேட்டாத்தானே?”

ஃபூசி கொஞ்சம் நகர்ந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். “பாடவும் செய்வாங்களாம்.”