ஐந்து நட்சத்திரக் காலுறை

குறைமாதத்தில் பிறந்த மகள் தீவிர சிகிச்சைப் பிரிவிலிருந்து ஓர்ஸ் ஹில் வீட்டுக்கு வந்த அன்றே கனடாவிலிருந்து மச்சாள் அனுப்பிய பார்சலும் வந்து சேர்ந்தது. உள்ளே ஒற்றைக் காலுறை. குழந்தையின் காலில் மாட்டினால் நாடித்துடிப்பையும் நித்திரையையும் கணக்கெடுத்துப் போனுக்கு அனுப்புமாம். ஒற்றைக் காலுக்கு மட்டும் சொக்ஸ் செய்து விற்கிறவனின் துணிச்சலை என்ன சொல்ல!

ஆஸ்பத்திரியில் தாதி, எங்கள் வழக்கில் மிஸி, சொல்லியனுப்பியது ஒன்றுதான். “மூண்டு மணித்தியாலத்துக்கு ஒருக்கா எழுப்பிப் பால் குடுங்கோ. அழட்டும் எண்டு பாத்திருக்காதேங்கோ. பசிச்சாலும் அழ இவவிட்டை சத்தில்லை. எழும்பாட்டி உள்ளங்காலில சுண்டுங்கோ.”

என் கணவர் அலுவலகத்தில் மற்றவர்களின் வேலைக்குப் புள்ளி போடுகிறவர். எந்த நல்ல பழக்கமும் அட்டவணையில் ஏறினால்தான் அவருக்கு நல்ல பழக்கம். மகள் நீண்ட நேரம் நித்திரை கொண்டால் போனில் நட்சத்திரங்கள் விழும். பால் குடித்தாளா என்று கேட்க அந்த மேதாவிக் கருவியில் இடமே இல்லை. அதை வடிவமைத்தவன் குழந்தையைப் படத்தில்தான் பார்த்திருப்பான். சுண்ட வேண்டிய உள்ளங்காலையே தடித்த துணியால் மூடி வைத்திருந்தான்.

பால் நேரத்தில் நான் அதைக் கழற்றப் போனால் இவர் ஓடி வருவார்.

“எழுப்பாதையும். நல்ல பழக்கம் வருது, நட்சத்திரம் போயிடும்.”

அவரை மட்டும் திட்டி நான் தப்ப முடியாது. ஐந்து நட்சத்திரம் விழுந்த அன்று அதைப் படம் பிடித்து மச்சாளுக்கு அனுப்பியவள் நான்தான். வெட்கங்கெட்ட சந்தோஷம்.

அடுத்த வாரம் கிளினிக்கில் நிறுத்தபோது, வீட்டுக்கு வந்த நாளைவிட எடை குறைந்திருந்தது. அதே மிஸி கன்னத்தைத் தட்டினார். மகள் கண் திறக்கவில்லை.

“ஆர் இவவை இப்பிடி நித்திரை கொள்ள விட்டது?”

கணவர் போனை நீட்டினார். “எல்லாம் நோர்மல் எண்டுதானே காட்டுது, மிஸி.”

மிஸி அதைத் திரும்பியும் பார்க்கவில்லை. காலுறையை உருவி மேசையில் எறிந்துவிட்டு உள்ளங்காலில் சுண்டினார். ஒருதரம். இரண்டு தரம். மூன்றாம் தரம் மகள் முகம் சுளித்து, பூனைக்குட்டி போல அழுதாள். அப்படியே வாங்கி மார்போடு சேர்த்தேன். பசி அவளை விடாமல் குடிக்க வைத்தது.

கணவரின் கையில் போன் கூவத் தொடங்கியது. நித்திரை குழம்பிவிட்டதாம், நட்சத்திரம் குறைகிறதாம். அதை நிறுத்தத் தெரியாமல் அவர் தடவிக்கொண்டிருந்தார். மகள் குடித்துக்கொண்டிருந்தாள்.