இல்டா அம்மாவின் பிரவுன் கோட்டு

பசங்களா, உங்கள் அப்பாவான நான், தோலின் நிறத்துக்குப் பொறுப்பான ஷேட் இன்சார்ஜாகக் கையெழுத்துப் போட்ட முதல் லாட்டே ரிஜெக்ட் ஆகப் பார்த்தது. அதை எழுதுகிறேன்.

ஆம்பூரில் தோல் பதனிடும் எங்கள் டேனரிக்கு இத்தாலியிலிருந்து ஓர் ஆர்டர் வந்தது. அந்த நாட்டில் இல்டா என்று ஒரு நடிகை. பெரிய பேர் கிடையாது. வயசுக் காலத்தில் பேய்ப் படங்களில் நடித்தவர். முக்கால்வாசிப் படத்தில் பாதியிலேயே செத்துவிடுவார். அந்தப் படங்களை இப்போது அங்கே இளவட்டங்கள் தேடிப் பார்க்கிறார்களாம். அதனால் ஒரு படத்தில் அவர் போட்டிருந்த லெதர் கோட்டைப் போலவே தைத்து விற்க ஒரு கம்பெனி கிளம்பியிருந்தது. தோல் எங்களுடையது. கோட்டின் உள்மடிப்பில் வெட்டிய ஒரு துண்டையும் படத்தின் வீடியோவையும் அனுப்பியிருந்தார்கள்.

துண்டு பிரவுன். வீடியோவில் கோட்டு ரத்தச் சிவப்பு. மேனேஜர் அன்சர் பாயிடம் ஓடினேன்.

"இன்னா பாய் இது? எதுக்கு மேட்ச் பண்றது?"

"துண்டு பழசுப்பா, கலர் போயிருக்கும். படத்தைப் பாத்து அடி."

வெயிலே படாத உள்மடிப்பில் கலர் எப்படிப் போகும்? தோன்றியது, கேட்கவில்லை. செல்போனை ஸ்ப்ரே மெஷின் பக்கத்தில் சாய்த்து வைத்துச் சிவப்பைக் கலந்தேன். லாட் முழுக்க அடித்தாயிற்று.

இன்ஸ்பெக்‌ஷனுக்கு இல்டா அம்மாவே வந்துவிட்டார். எழுபது தாண்டியவர். கூட வந்த சென்னைப் பெண்தான் அவர் பேச்சைத் தமிழில் சொன்னாள். ஒரு தோலை வாசல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோய்ப் பார்த்தார்.

"இது யார் கோட்டுன்னு கேக்கறாங்க."

"உங்களுதுதாம்மா. படத்தைப் பாத்துதான் அடிச்சேன்."

"கோட்டு பிரவுன்தானாம். செட்ல சிவப்பு லைட்டு போட்டாங்களாம்."

அன்சர் பாய் என் காதருகே வந்தார். "பேஜாராயிடுச்சே! இது மேல பிரவுன் அடிச்சா தோலு விறைச்சு அட்டை மாதிரி ஆயிடும். லாட்டும் போச்சு, உன் வேலையும் போச்சு."

பயத்தில் என் வாய் உளறியது. "படத்துல நீங்க கத்துனது சூப்பரும்மா."

அந்த அம்மா சிரித்தார். பெண் சொன்னாள்: "கத்துனது வேற பொம்பளையாம். டைட்டில்ல வந்த பேரும் இவங்களுது இல்லியாம், வெளிநாட்ல விக்கணும்னு இங்கிலீஷ் பேரு வெச்சிட்டாங்களாம். அந்தப் படத்துல இவங்களுதுன்னா கோட்டு ஒண்ணுதான். வீட்லேர்ந்து போட்டுக்கினு போனாங்களாம்."

இல்டா அம்மா துண்டையும் தோலையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு ஏதோ சொன்னார்.

"வாங்கறவங்க சிவப்பைத்தான் கேப்பாங்களாம். லாட் பாஸ். ஆனா ஒரே ஒரு தோல் பிரவுன்ல வேணுமாம். அவங்களுக்கு."

அன்று சாயந்திரத்துக்குள், போனைத் தொடாமல், துண்டை மட்டும் வாசல் வெளிச்சத்தில் வைத்துப் பார்த்து, சிவப்பு ஏறாத ஒரு புதுத் தோலை அடித்துக் கொடுத்தேன்.

கையில் துண்டு இருக்கும்போது துண்டை நம்புங்கள், சந்தேகம் வந்தால் வாய்விட்டுக் கேளுங்கள் என்று உங்களுக்குச் சொல்லத்தான் உட்கார்ந்தேன். ஆனால் நான் தப்பாக அடித்தது முழு லாட், அது கப்பல் ஏறியது. சரியாக அடித்தது ஒரே தோல். அதை அந்த அம்மா யாரிடமும் கொடுக்காமல், சுருட்டித் தன் கையிடுக்கிலேயே வைத்துக்கொண்டு காரில் ஏறினார்.